அடுப்படி மூலையில் இரண்டு டிரம்

"குந்தி சமைச்ச வூட்டுப் புள்ள நீ. நின்னு சமைக்கிறவங்களுக்கு என்னாத்த அளந்து குடுக்கப் போற?"

நான் வேலைக்குச் சேர்ந்த அன்று காலையில் அம்மா கேட்டது இது. கேலி இல்லை. உண்மையிலேயே அவளுக்கு அந்தச் சந்தேகம் இருந்தது. அப்போதும் தரையில் குந்தித்தான் எனக்குத் தோசை சுட்டுக்கொண்டிருந்தாள்.

நிக்கோபாரில் இருக்கும் கட்சால் தீவின் ரப்பர் தோட்டக் குடியிருப்பில் பிறந்தவள் நான். தாத்தா காலத்தில் இலங்கையிலிருந்து வந்த குடும்பம். அப்பா ரப்பர் பால் வெட்டினார், அம்மா பால் சுமந்தாள். மூன்று கல், பட்டுப்போன ரப்பர் மரத்தின் விறகு, ஒரு ஊதுகுழல். இவ்வளவுதான் எங்கள் அடுப்படி. சுனாமியில் கடல் ஏறி வந்த பிறகு போர்ட் பிளேருக்கு வந்து டெய்ரி ஃபார்ம் என்கிற பகுதியில் ஓர் அறை வாடகைக்கு எடுத்தோம். விறகு போய் மண்ணெண்ணெய் ஸ்டவ் வந்தது, ஸ்டவ் போய் கேஸ் வந்தது. எல்லாமே தரையில்தான். அடுப்பு மாறியதே தவிர அம்மா எழுந்து நிற்கவில்லை.

அப்பாவுக்கும் அம்மாவுக்கும் எழுத்து தெரியாது. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்துப் பெஞ்சில் முதலில் உட்கார்ந்தவள் நான். பன்னிரண்டாவது முடித்ததும், ஐ.டி.ஐ.யில் வரைபடம் போடக் கற்றதும், மாதச் சம்பளத்துக்குக் கையெழுத்துப் போட்டதும் நான்தான் முதலில். இதைச் சொல்லிக்கொள்ள எனக்குக் கூச்சமே இல்லை.

மாடுலர் கிச்சன் செய்து கொடுக்கும் ஒரு கம்பெனியின் போர்ட் பிளேர் கிளையில் பதினோரு வருஷம் வேலை செய்துவிட்டுப் போன மாதம் விலகினேன். கடைசி நாளில் என் பொறுப்பை நிவேதாவிடம் ஒப்படைத்தேன். இப்போது சேர்ந்திருக்கும் பெண்களில் கெட்டிக்காரி. கையில் லேசர் மீட்டர் வைத்திருப்பாள். சுவரைப் பார்த்து ஒரு பொத்தானை அமுக்கினால் போதும், போனில் படமே வந்துவிடும். அவள் என் பழைய நோட்டுகளைப் புரட்டிக்கொண்டே கேட்டாள்.

"அக்கா, நீங்க அளந்த எல்லா வீட்லயும் மூலைல ரெண்டு வட்டம் போட்டிருக்கீங்களே. பில்லரா?"

"தண்ணி டிரம்."

"டிரம்ம எதுக்குக்கா அளக்கணும்?"

நின்ற இடத்தில் சொல்லி முடிகிற கதையாக இல்லை. எழுதித் தருகிறேன் என்றேன். அதுதான் இது.

முதல் வருஷம் முழுக்க டேப்பின் நுனியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அதைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. கற்றுக்கொண்டது ஒன்றுதான்: இந்த ஊரில் எந்தச் சுவரும் நேராக இல்லை. நிலநடுக்கத்தில் ஆடியது பாதி, மேஸ்திரியின் கை பாதி. அதனால் ஒரே சுவரைத் தரையோரம், இடுப்பு உயரம், தலை உயரம் என்று மூன்று இடத்தில் அளப்போம். மூன்றில் எது குறைவோ அதுவே கணக்கு. மூலை சதுரமாக இருக்கிறதா என்று தனியாகப் பார்ப்போம். பைப் எங்கே, பிளக் எங்கே, ஜன்னல் எந்தப் பக்கம் திறக்கிறது என்று குறித்து, படம் போட்டு, வீட்டுக்காரரிடம் பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்து வாங்கி, மெயின்லேண்டில் இருக்கும் ஃபேக்டரிக்கு அனுப்புவோம். அங்கே பலகை வெட்டிக் கப்பலில் ஏற்றுவார்கள். கடல் கொந்தளித்தால் கப்பல் நிற்கும். கீல் ஒன்று குறைந்து வந்தால் அடுத்த கப்பல்வரைக்கும் அந்தக் கதவு சுவரில் சாய்ந்தே நிற்கும். மெயின்லேண்டில் ஓர் அங்குலம் பிசகினால் ஒரு வாரம் போகும். இங்கே இரண்டு மாதம் போகும்.

அந்தக் காத்திருப்பைத்தான் இப்போது அதிகம் நினைத்துக்கொள்கிறேன். கப்பல் வருகிற நாளில் ஜெட்டிக்குப் போய், லாரியில் ஏறும் அட்டைப்பெட்டிகளில் எங்கள் எண்களைத் தேடுவோம். ஒரு வீட்டின் அடுப்படி முழுவதும் தட்டையாக அடுக்கப்பட்டு வந்திருக்கும். பாபு அண்ணன்தான் எங்கள் ஃபிட்டர். தெலுங்குக்காரர். எங்களிடம் பேசுவது பாதி ஹிந்தி, பாதி தமிழ். அக்கா என்பதற்குத் தீதி என்பார். பெட்டியைத் தட்டிப் பார்த்தே உள்ளே ஈரம் ஏறியிருக்கிறதா என்று சொல்லிவிடுவார். "யே வாலா நல்லா இல்ல தீதி, பானி குடிச்சிருச்சு" என்பார். பிரித்துப் பார்த்தால் பலகையின் ஓரம் ஊறிய பிஸ்கட் மாதிரி உப்பியிருக்கும்.

எல்லோரும் ஒரே மாதிரி கேட்டுக்கொண்டிருந்த காலம் அது. மேலே சிம்னி, கீழே இழுப்பறை, தொட்டால் சத்தமில்லாமல் மூடுகிற கதவு. மரைன் ஹில்லில் ஓர் ஆபீசர் வீட்டம்மா சிம்னி வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். அது வருகிற இடத்தில் ஜன்னல் இருந்தது. பாதி ஜன்னலை மறைத்தோம். மாட்டி முடித்து ஒரு வாரத்தில் போன் வந்தது.

"சிம்னி சத்தம் போடுதா மேடம்?"

"சிம்னி நல்லாத்தான் இருக்கு. கப்பல் தெரிய மாட்டேங்குது. பதினெட்டு வருஷமா கப்பலைப் பாத்துக்கிட்டேதான் ரசம் வச்சேன். இப்ப டைல்ஸைப் பாத்து வைக்கிறேன்."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்போடு விட்டுவிட்டேன். ஒரு பெண் அடுப்படியில் என்னவெல்லாம் செய்கிறாள் என்று பார்க்காமல் சுவரை மட்டும் அளந்துவிட்டேன் என்பது அப்போது உறைக்கவில்லை. அது உறைத்தது ஜெசிந்தா அக்கா வீட்டில்.

ஜெசிந்தா அக்காவின் குடும்பம் தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வந்தது. வீட்டுக்காரர் லூர்து அண்ணனுக்குச் சொந்தப் படகு உண்டு. தகரக் கூரை வீடு, சரிவில் கட்டியது. சமையலறையின் பின்கதவைத் திறந்தால் எட்டுப் படி கீழே முற்றம். அக்காவுக்கு இடது தோள் போய்விட்டது. ஒரு சொம்பு தண்ணீருக்கு மேல் அந்தக் கை தாங்காது. மாடுலர் கிச்சன் என்று அவர் காசு சேர்த்துவைத்துக் கேட்டது அலங்காரத்துக்காக இல்லை.

"எனக்கு ஒண்ணே ஒண்ணுதான் செல்வி. எதையும் தூக்காம சமைக்கணும். அம்புட்டுத்தான். கலர் கிலரெல்லாம் நீயே பாத்துப் போடு."

அளக்கப் போனது ஒரு காலை நேரம். அடுப்படியில் பின்கதவுக்குப் பக்கத்து மூலை காலியாக, சுத்தமாக இருந்தது. தரையில் இரண்டு பெரிய வட்டமாகச் சிமெண்ட் வெளுத்திருந்தது. பார்த்தேன். 'தரைக்கு டைல்ஸ்' என்று குறித்துக்கொண்டேன். அளவை எழுத மேடை எதுவும் இல்லாததால் பின்படி இறங்கி முற்றத்துக்கு வந்தேன். அங்கே இரண்டு நீல டிரம்களைக் கழுவிக் கவிழ்த்து வெயிலில் வைத்திருந்தார்கள். அன்று மதியம் தண்ணீர் வருகிற நாள். மூன்று நாளைக்கு ஒருமுறை வரும். வருவதற்குமுன் டிரம்மை உருட்டிப் போய்த் தேய்த்துக் காயவைப்பது போர்ட் பிளேரில் எல்லா வீட்டிலும் நடப்பதுதான்.

கவிழ்த்து வைத்த அந்த டிரம்மின் அடிப்பாகத்தில் நோட்டை வைத்துத்தான் அந்தச் சமையலறையின் அளவுகளை எழுதினேன்.

காலி மூலைக்குக் கூரைவரை உயர்ந்த ஓர் அலமாரி போட்டேன். கம்ப்யூட்டர் திரையில் அதைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தபோது எனக்கே பெருமையாக இருந்தது. ஜெசிந்தா அக்கா படத்தைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்துவிட்டு, நான் காட்டிய இடத்தில் எல்லாம் எழுத்தெழுத்தாகப் பெயர் எழுதினார். "நீ படிச்ச புள்ள. நீ பாத்தா சரியாத்தான் இருக்கும்."

கப்பல் வந்தது. மூன்று நாள் வேலை நடந்தது. அதுவரை அக்கா முற்றத்தில் தகரத்துக்குக் கீழே சமைத்தார். மூன்றாம் நாள் மதியம் பாபு அண்ணன் கடைசிக் கைப்பிடியை முடுக்கினார். அக்கா ஒரு கதவைத் தள்ளிவிட்டு அது மெதுவாக மூடுவதைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஏங்க, இங்க வந்து பாருங்க. இந்தக் கதவுக்கு இருக்க பதவிசு உங்களுக்கு இல்ல."

"அதுக்கு நாலு கீல் இருக்கு. எனக்கு யாரு மாட்டிவிட்டா?" என்றார் லூர்து அண்ணன்.

எல்லோரும் சிரித்தோம். அன்றும் தண்ணீர் வருகிற நாள். அண்ணன் சிரித்துக்கொண்டே முற்றத்துக்குப் போய், கழுவிய டிரம்களைப் படியில் ஒவ்வொன்றாக ஏற்றி உள்ளே உருட்டி வந்தார். பழைய மூலைக்குத் திரும்பியவர் அலமாரிமுன் நின்றுவிட்டார்.

"இத எங்க வைக்கம்மா?"

நடுத்தரையில் வைத்துப் பார்த்தோம். இழுப்பறை திறந்து டிரம்மில் இடித்தது. மெதுவாக இடித்தது, சத்தமே இல்லை. மேடைக்குக் கீழே தள்ளலாம் என்றால் டிரம் மேடையைவிட ஓர் அங்குலம் உயரம். யாரும் என்னைத் திட்டவில்லை. அக்காதான் முதலில் பேசினார்.

"பரவால்ல. வெளிய இருந்துட்டுப் போகட்டும். நான் மொண்டுக்கிடுதேன்."

இரண்டு நாள் கழித்து, கணக்கில் இல்லாத ஒரு கைப்பிடியைக் கொடுக்கிற சாக்கில் போனேன். அக்கா பின்படியில் ஏறிக்கொண்டிருந்தார். வலது கையில் பாதி வாளி. வாளியை மேல்படியில் வைப்பார், தான் ஏறுவார், மறுபடி எடுப்பார். எட்டுப் படிக்கு எட்டு முறை. என்னைப் பார்த்ததும், "வா செல்வி, டீ போடுதேன்" என்றார். அந்த டீக்கு வேண்டிய தண்ணீர்தான் அந்த வாளியில் இருந்தது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். எங்கள் ஓரறையிலும் அடுப்புக்குப் பக்கத்தில் ஒரு நீல டிரம் உண்டு.

"இந்த டிரம்ம சுத்திச் சுத்தித்தானே பள்ளிக்கூடம் போன? மறந்துட்டியா?" என்றாள் அம்மா.

"மறக்கல."

"பின்ன என்னா?"

மறக்கவில்லை என்பதுதான் உண்மை. தரையில் இருந்த வட்டங்களையும் பார்த்தேன், முற்றத்தில் இருந்த டிரம்மையும் தொட்டேன். கேட்டிருக்கலாம். கம்ப்யூட்டரில் ஒயின் பாட்டில் அடுக்க ஸ்டாண்ட் இருந்தது, பாத்திரம் கழுவும் மெஷினுக்கு இடம் இருந்தது, டிரம் இல்லை. என் அழகான படத்தில் எங்கள் வீட்டு டிரம் வந்து நிற்பதை நான் விரும்பவில்லை. அவ்வளவுதான்.

மறுநாள் சேகர் சாரிடம் போனேன். எங்கள் கிளை மேனேஜர். மதுரைக்காரர், இருபது வருஷத்துத் தீவு வாசத்தில் தமிழோடு ஹிந்தி கலந்துபோனவர். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. புகார் வந்தால் முதலில் டீ சொல்வார். பிறகு ஃபைலை எடுத்து, கையெழுத்துள்ள பக்கத்தைத் திறந்து, எதிரில் இருப்பவர் படிக்கத் தோதாகத் திருப்பி, ஒரு விரலால் மேஜைமேல் மெல்லத் தள்ளுவார். பேச்சு அங்கேயே முடிந்துவிடும். அன்று அந்த ஃபைல் என் பக்கம் நகர்ந்து வந்தது.

"சைன் இருக்கா?"

"இருக்கு சார்."

"எத்தனை பக்கம்?"

"ஆறு பக்கத்துலயும்."

"பஸ், போதும். அப்புறம் என்ன? டீயைக் குடி."

அந்தக் கையெழுத்துகளைப் பார்த்தேன். ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக நின்றது. கடல் ஏறிய பிறகு அப்பா எத்தனை நிவாரணக் காகிதங்களில் கைநாட்டு வைத்தார் என்பது நினைவுக்கு வந்தது. யார் எந்த இடத்தைக் காட்டினாலும் வைப்பார். வைத்துவிட்டு என்னிடம் நீட்டுவார், நான்காம் வகுப்புப் படிக்கிற நான் எழுத்துக்கூட்டிப் படித்துச் சொல்லவேண்டும். காகிதத்துக்கு இந்தப் பக்கம் நின்றவள், படித்ததால் அந்தப் பக்கம் போயிருக்கிறேன்.

"சார், அவங்க படத்தைப் பாத்து சைன் போடல. என்னைப் பாத்துப் போட்டாங்க."

சேகர் சார் ஃபைலை மூடினார்.

"கஸ்டமர் மிஸ்டேக்னா என்னால ஒண்ணும் செய்ய முடியாது. டிசைனர் மிஸ்டேக்னு நீ ரைட்டிங்ல குடு, வேலையை மறுபடி திறக்கலாம். ஆனா அது ஹெட் ஆபீஸ் போகும். இந்த வருஷம் சீனியர் டிசைனருக்கு உன் பேரைத்தான் எழுதியிருக்கேன். சோச் லோ."

யோசித்தேன். பொய் சொல்ல விரும்பவில்லை, நன்றாகவே யோசித்தேன். எங்கள் வீட்டில் யாருக்கும் வராத பதவி. டீ ஆறிவிட்டது. பிறகு ஒரு வெள்ளைத்தாள் கேட்டு வாங்கி எழுதினேன்: 'தண்ணீர் டிரம் வைக்கும் இடத்தைத் தெரிந்தும் படத்தில் சேர்க்கவில்லை. தவறு என்னுடையது.' கீழே கையெழுத்துப் போட்டேன். சார் வாங்கிப் படித்துவிட்டு, "'தெரிந்தும்' வேண்டாமே" என்றார். அதை அடிக்கவில்லை.

அன்று மாலை, சார் அனுப்பிய தாளைப் பார்த்துவிட்டு ஃபேக்டரியிலிருந்து ஒருவர் போன் செய்தார். "மேடம், டிரம்னு எழுதியிருக்கீங்க. தண்ணி டிரம்மா? கிச்சனுக்குள்ளயா?"

"ஆமா."

"டேப்ல தண்ணி வராதா?"

"மூணு நாளைக்கு ஒருதடவை வரும்."

"மத்த நாள்ல எப்படி மேடம் சமைப்பீங்க?"

அடுத்த கப்பலுக்குக் காத்திருக்கவில்லை. பாபு அண்ணனோடு போய் அந்த உயர அலமாரியைக் கழற்றினோம். அது இருந்த இடம் அறுபது சென்டிமீட்டர் அகலம், அறுபது ஆழம். டிரம்மின் வயிற்றில் டேப் பிடித்துப் பார்த்தேன். குறுக்கே ஐம்பத்தெட்டு. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கமுடியாது. ஆனால் ஒன்றன்மேல் ஒன்றாக வைக்கலாமே என்று தோன்றியது. சொன்னதும் அண்ணன் தலையில் கை வைத்தார்.

"தீதி, டிரம் ஃபுல்னா தோ சௌ, இருநூறு கிலோ. பலகை தாங்காது."

"பலகை வேண்டாண்ணா. படாக்?"

அவர் முகம் தெளிந்தது. எங்கேயோ இடித்த பழைய குவார்ட்டர்ஸின் படாக் உத்தரங்கள் அவர் வீட்டுக் கொல்லையில் கிடந்தன. சிவப்பு ஏறிய, ஆணி இறங்காத மரம். அதில் மூன்றரை அடி உயரத்துக்கு ஒரு கட்டில் மாதிரி செய்து, நான்கு காலையும் சுவரோடு சேர்த்து முடுக்கினார். கீழே ஒரு டிரம், கட்டில்மேல் ஒரு டிரம். மேல் டிரம்மின் அடியிலிருந்து பைப் இழுத்துப் பாத்திரம் கழுவும் தொட்டிக் குழாயில் சேர்த்தோம். அது தீர்ந்தால் கீழிருந்து ஏற்ற ஒரு சின்ன மோட்டார். கரண்ட் இல்லாவிட்டாலும் மேல் டிரம் தண்ணீர் தானாக இறங்கும். நிரப்ப, பின்ஜன்னல் வழியாக ஒரு ஹோஸ். கழற்றிய அலமாரிக் கதவுகளை முன்னால் மாட்டினோம். மூடினால் உள்ளே டிரம் இருப்பதே தெரியாது.

தண்ணீர் வந்த நாளில் நானும் போனேன். ஹோஸ் சீறி, மேல் டிரம் நிரம்புகிற சத்தம் மாறிக்கொண்டே வந்தது. அக்கா ஒரு சட்டியில் அரிசியைப் போட்டுத் தொட்டிக்குள் வைத்து, வலது கையால் குழாயைத் திறந்தார். தண்ணீர் விழுந்தது. அரிசியைக் களைந்தார், மறுபடி திறந்தார், மறுபடி களைந்தார். மூன்றுமுறை களைய வேண்டிய அரிசியை ஆறுமுறை களைந்தார்.

"இடது தோளு சும்மா இருக்கு பாத்தியா" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "இனிமே எவ வீட்டுக்கு அளக்கப் போனாலும் தண்ணி வர்ற அன்னைக்கு மட்டும் போகாத, என்னா? அன்னைக்கு எல்லா அடுப்படியும் அழகாத்தான் இருக்கும்."

அந்த வருஷம் சீனியர் டிசைனர் பதவி வேறு ஒருவருக்குப் போனது. மூன்று வருஷம் கழித்து எனக்கும் வந்தது. ஜெசிந்தா அக்கா வீட்டுக்குப் பிறகு ஒவ்வொரு வீட்டுக்கும் இரண்டுமுறை போனேன், தண்ணீர் வருகிற நாளில் ஒன்று, வராத நாளில் ஒன்று. முதலில் மூலையில் வட்டங்களைப் போட்டுவிட்டுத்தான் சுவரைத் தொடுவேன். மீன் எங்கே உட்கார்ந்து அரிவீர்கள், தேங்காய் எங்கே துருவுவீர்கள், சமைக்கும்போது ஜன்னலில் என்ன பார்ப்பீர்கள் என்று கேட்பேன். "இதெல்லாமா எழுதுவ?" என்று சிரிப்பார்கள். சிரித்துவிட்டு ஒரு மணிநேரம் சொல்வார்கள். என் பதினோரு வருஷத்தில் நான் மிகவும் விரும்பிய நேரங்கள் அவைதான்.

நிவேதா, உன் லேசர் நல்ல கருவி. என் டேப்பைவிடத் துல்லியமானது. அது சுவரிலிருந்து சுவருக்குப் போகும். நடுவில் இருக்கிற டிரம்மில் பட்டால், டிரம்மை நகர்த்தச் சொல்லித்தான் உனக்குத் தோன்றும். நகர்த்தச் சொல்லாதே.

கம்பெனியிலிருந்து விலகியது கோபத்தால் இல்லை. மரம் இங்கே இருக்கிறது, கை இங்கே இருக்கிறது, டிரம்மும் இங்கேதான் இருக்கிறது. படம் மட்டும் கடல் தாண்டிப் போய் வருவானேன் என்று தோன்றியது. டெய்ரி ஃபார்மில் ஒரு ஷெட் எடுத்திருக்கிறேன். பாபு அண்ணனும் வந்துவிட்டார். பலகை அறுக்கும் மெஷின் போன கப்பலில் வந்து இறங்கியது. அட்டைப்பெட்டியில் என் பெயர் எழுதியிருந்தது. ஜெட்டியில் நின்று அதை இரண்டுமுறை படித்தேன்.

முதல் வேலையும் எடுத்தாகிவிட்டது. போன ஞாயிற்றுக்கிழமை அம்மாவை அடுப்புமுன் குந்தச் சொல்லி, தரையிலிருந்து அவள் முழங்கைவரை அளந்தேன்.

"என்னாத்துக்கு இப்ப என்னைய அளக்கிற? எனக்கு நின்னு சமைக்க ஏலாது, சொல்லிட்டேன்."

"உன்னை யாரு நிக்கச் சொன்னா?"

பதினான்கு அங்குல உயரத்தில் மேடை, உட்கார ஒரு பலகை, கை நீட்டினால் எட்டும் இழுப்பறை. பக்கத்தில் ஒரு வட்டம். படத்தை அம்மாவிடம் காட்டி, எது எங்கே வருகிறது என்று ஒவ்வொன்றாகச் சொன்னேன். வட்டத்தின்மேல் விரல் வைத்து, "இது டிரம்மு" என்று அவளே சொன்னாள். கீழே கைநாட்டு வைத்தாள். பலகை நேற்று வெட்டியாயிற்று.